கை இறங்காமல் பாட்டு இறங்காது

வெர்டெல் பெட்டிஃபோர்டின் சமையலறை ஏப்ரனில் இருபத்திரண்டு வருடமாக ஒரு ஊக்கு குத்தியிருந்தது. ஊக்கில் ஒரு பித்தளைச் சாவி. டேட்டன் நகரத்து மேற்குப் பக்கத்தில் இருந்த சின்ன ஏலிம் பாப்டிஸ்ட் சபையின் ஆர்கன் சாவி அது. ஏப்ரன் கிழிந்து வேறு ஏப்ரன் வரும், சாவி மட்டும் ஊக்கோடு இடம் மாறும். பத்தொன்பது வயதில் அந்த ஆர்கன் முன்னால் போய் உட்கார்ந்தவள், மூன்று பிள்ளை பெற்றபோது மட்டும் ஆளுக்கு நான்கு ஞாயிறு லீவு எடுத்தாள். மற்றபடி அந்த ஆர்கன் பலகையில் வேறு யாரும் உட்கார்ந்தது கிடையாது.

அவள் நோட்டுத்தாள் பார்த்து வாசிக்கிறவள் இல்லை. போதகர் கிரட்ச்ஃபீல்டின் வலது தோளைப் பார்த்து வாசிக்கிறவள். பிரசங்கம் சூடு பிடித்து, பேச்சு மெல்லப் பாட்டாக மாறுகிற இடத்தில் அவர் தோள் ஏறும். அப்போது அவர் ஒரு வரி சொன்னால் ஆர்கன் ஒரு வரி சொல்ல வேண்டும். அப்புறம் கையைத் தூக்குவார். சபை எழுந்து தட்டும், ஆடும், சிலர் நடுவழியில் ஓடுவார்கள். அந்தக் கை கீழே இறங்குகிற வரைக்கும் ஆர்கன் நிற்கக் கூடாது. கால் மணி நேரமோ முக்கால் மணி நேரமோ, கை இறங்காமல் பாட்டு இறங்காது. வெர்டெலுக்குத் தெரிந்த சங்கீத சாஸ்திரம் அவ்வளவுதான், அது போதுமானதாகவும் இருந்தது.

வீட்டில் வேறு சங்கீதம் நடந்தது. அவள் புருஷன் ஹோசியா காரின் பிரேக் செய்கிற தொழிற்சாலையில் காலை ஷிஃப்ட். மாலையானால் கிட்டாரைத் தூக்கிக்கொண்டு வீட்டு நிலவறைக்கு இறங்கிவிடுவான். மூத்தவன் லமார் பேஸ் கிட்டார், அடுத்தவள் டெல்ஃபின் பாட்டு, கடைசி தாடியஸ் டிரம்ஸ். துணி துவைக்கிற மெஷினுக்கும் சுவருக்கும் நடுவில் நால்வரும் நின்று ஃபங்க் என்கிற ஆட்டப் பாட்டு வாசித்தார்கள். பெட்டிஃபோர்ட் ஃபேமிலி என்று பெயர். பள்ளிக்கூட நடனம், தொழிற்சங்க ஹால், ஸ்கேட்டிங் ரிங்க் என்று கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் போனார்கள். வெர்டெல் சட்டை தைத்துக் கொடுத்தாள், பொரித்த கோழியைப் பெட்டியில் கட்டிக் கொடுத்தாள், அதற்கு மேல் அதில் தலையிடவில்லை.

எழுபத்தொன்றில் லமாருக்கு ராணுவத்திலிருந்து கடிதம் வந்தது. போர்முனைக்கோ என்று வீடே மூச்சைப் பிடித்துக்கொண்டு இருந்து, கடைசியில் அவனை ஜெர்மனிக்குத்தான் அனுப்புகிறார்கள் என்று தெரிந்ததும், வெர்டெல் அன்றைக்கு பீச் பழம் வைத்த இரண்டு இனிப்பு அப்பம் சுட்டாள். ஒன்று ஆண்டவருக்கு நன்றி என்று சபைக்கு, ஒன்று வீட்டுக்கு.

பையன் பிழைத்தான். பாட்டுதான் செத்தது. பேஸ் இல்லாத ஃபங்க் என்பது உப்பில்லாத பீன்ஸ். ஹோசியா இரண்டு பேரை வரவழைத்துப் பார்த்தான். ஒருவன் குடித்துவிட்டு வந்தான், இன்னொருவன் வரவே இல்லை. ஒரு சனிக்கிழமை மதியம் வெர்டெல் நிலவறைப் படியின் மேல் நின்று கீழே கத்தினாள்.

"நானும் ஒரு மணி நேரமா கேக்குறேன். உங்க பாட்டுக்கு இடுப்பே இல்ல."

"உனக்கு அவ்வளவு தெரிஞ்சா நீயே வந்து போடு" என்றான் ஹோசியா.

அவள் கீழே இறங்கவில்லை. முன்னறைக்குப் போனாள். மூடிப்போன ஒரு ஸ்கேட்டிங் ரிங்கிலிருந்து ஹோசியா அவளுக்காக வாங்கி வந்து போட்டிருந்த பழைய ஆர்கன் அங்கே இருந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு இடது காலால், பேஸ் சுரம் எழுப்புகிற பெடலை மிதிக்க ஆரம்பித்தாள். கை வைக்கவே இல்லை, கால் மட்டும். கீழே கூரைப் பலகை அதிர்ந்து தாடியஸின் தலையில் தூசி கொட்டியது. அவன் ஒரு நிமிஷம் மேலே பார்த்தான், அப்புறம் அந்தக் காலோடு சேர்ந்துகொண்டான். ஹோசியா சேர்ந்தான். பாட்டு முடிந்ததும் டெல்ஃபின் படியேறி வந்து கதவில் சாய்ந்து நின்று, "அம்மா, இந்த வெள்ளிக்கிழமை என்ன பண்ற?" என்று கேட்டாள்.

மீன் பொரிக்கிறேன் என்றாள் வெர்டெல். அந்த வெள்ளிக்கிழமை வீட்டில் யாரும் மீன் சாப்பிடவில்லை.

ஆர்கனைத் தூக்கிப் போவதுதான் பெரும்பாடு. நான்கு ஆம்பளைகள் தூக்க வேண்டிய சாமான். பாதியாக அறுத்து இரண்டு துண்டாக எடுத்துப் போகலாம், எல்லா பேண்டிலும் அப்படித்தான் செய்கிறார்கள் என்று ஹோசியா ரம்பத்தோடு வந்தான். முதலில் உன் காலை அறுத்துப் பழகு என்று சொல்லி அனுப்பிவிட்டாள். கடைசியில் அந்த ரம்பம் வேறொரு வேலைக்குப் பயன்பட்டது. பேண்டின் ஊதா சாட்டின் உடுப்புக்குப் பொருத்தமாக அம்மாவும் வெள்ளி நிற பூட்ஸ் போட்டே ஆக வேண்டும் என்று டெல்ஃபின் ஒற்றைக்காலில் நின்றாள். குதிகால் உயர்ந்த பூட்ஸை வைத்துப் பெடல் மிதிக்க முடியாது. ஹோசியா குதிகாலை அறுத்துக் கொடுத்தான். பழைய ரொட்டி வேன் ஒன்று கிடைத்தது. எவ்வளவு கழுவியும் உள்ளே ஈஸ்ட் வாசனை போகவில்லை, எந்த ஊருக்குப் போனாலும் இறங்கும்போது எல்லோருக்கும் பசித்தது.

சபைக்கு இது தெரியாமல் இல்லை. மூத்த பெண்கள் குழுவின் தலைவியை எல்லோரும் மதர் கெயின்ஸ் என்று கூப்பிடுவார்கள். வெள்ளை உடை, வெள்ளைக் கையுறை, வெள்ளைத் தொப்பி, கண் மட்டும் கறுப்பு. வாசலில் நிற்கிற வழிகாட்டிகளுக்கும் அவர்தான் மேல். சனிக்கிழமை என்ன வாசித்தாலும் ஞாயிறு பதினொரு மணிக்கு வெர்டெல் பலகையில் இருந்ததால் அவர் ஒன்றும் கேட்கவில்லை. வெர்டெலும் தானாக ஒன்றும் சொல்லவில்லை.

ரெக்கார்ட் போட்டார்கள், அதில்தான் வந்தது வினை.

சின்சினாட்டியில் ஒரு ஒலிப்பதிவு அறை. பாட்டின் பெயர் 'தட்டை நீட்டு'. வெர்டெல் சாப்பாட்டு மேஜையில் பிள்ளைகளைத் திட்டுகிற திட்டையெல்லாம் சேர்த்து டெல்ஃபின் கட்டியது: தட்டை நீட்டு, தள்ளி உட்காரு, அடுத்தவனுக்கு வை. மூன்று நிமிஷத்தில் முடிக்க வேண்டும், அதற்கு மேல் போனால் ரேடியோக்காரன் போட மாட்டான் என்று ஒலிப்பதிவுக்காரர் இரண்டு தடவை சொன்னார். சரி என்று தலையாட்டினார்கள்.

டெல்ஃபினைத் தனியாக ஒரு கண்ணாடிக் கூண்டில் நிற்க வைத்து, காதில் ஹெட்ஃபோன் மாட்டிவிட்டார்கள். அது பெரிது, நழுவியது. ஒரு கையால் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு பாடினாள். வெர்டெல் ஆர்கனிலிருந்து பார்த்தாள். கை மேலே இருக்கிறது. மூன்று நிமிஷம் ஆனது, கை இறங்கவில்லை. சரி, இவளுக்குள் ஏதோ இறங்கியிருக்கிறது, தடுக்கக் கூடாது என்று வெர்டெல் சபையில் வாசிக்கிற மாதிரியே வேகத்தை ஏற்றினாள். கூண்டுக்குள் டெல்ஃபின், அம்மா நிறுத்தவில்லையே, அம்மா நிறுத்தாமல் நாம் எப்படி நிறுத்துவது என்று நினைத்தாள். பிறந்ததிலிருந்து அந்த ஆர்கனோடு சேர்ந்து பாடியவள் வேறெப்படி நினைப்பாள்? வரிகள் தீர்ந்துபோய், சும்மா ஆமாம், ஆமாம் என்று கத்த ஆரம்பித்தாள். தாடியஸின் குச்சி ஒன்று உடைந்தது. ஒலிப்பதிவுக்காரர் கண்ணாடிக்குப் பின்னால் கை ஆட்டினார். அந்தக் கையை யாரும் பார்க்கவில்லை, அவர் போதகரும் இல்லை, பாடகரும் இல்லை. ஒன்பதாவது நிமிஷம் டேப் தீர்ந்து சுருள் சுற்றியபோதுதான் நின்றது.

"உனக்குக் கை வலிக்கலையாடி?" என்று வெர்டெல் கேட்டாள்.

"கழண்டு விழுதேன்னு புடிச்சிட்டு இருந்தேம்மா" என்றாள் டெல்ஃபின்.

திரும்ப வாசிக்க நேரம் இல்லை. ஒலிப்பதிவுக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டு டேப்பை நடுவில் வெட்டினார். பாட்டு முதல் பக்கம், ஆர்கன் கூத்து இரண்டாம் பக்கம். பாகம் ஒன்று, பாகம் இரண்டு என்று போட்டு அனுப்பினார். ரேடியோக்காரன் முதல் பக்கத்தை ஒரே ஒரு தடவைதான் போட்டான். இரண்டாம் பக்கத்தைப் போட்டவன் திரும்பத் திரும்பப் போட்டான். கோடை முழுக்க மேற்குப் பக்கத்தில் ஜன்னல் திறந்திருந்த எல்லா வீட்டிலிருந்தும் அது வந்தது. பாரில் ஆடினார்கள், காரில் ஆடினார்கள்.

ஒரு சனிக்கிழமை முடி அலங்காரக் கடையில் டிரையர் குடைக்குக் கீழே உட்கார்ந்திருந்த மதர் கெயின்ஸ் அதைக் கேட்டார். குடையைத் தூக்கிவிட்டு இன்னொரு தடவை கேட்டார். பாதி சுருட்டிய முடியோடு எழுந்து நின்று, இது நம்ம ஞாயிற்றுக்கிழமை என்றார். கடையில் யாரும் மறுக்கவில்லை. பரிசுத்த ஆவி இறங்கும்போது வாசிக்கிற வாசிப்பு, பீர் குடிக்கிறவன் இடுப்பை ஆட்ட வைத்தால் யார்தான் பொறுப்பார்கள்?

புதன்கிழமை சபையில் கூட்டம் போட்டார்கள். வெர்டெல் பொய் சொல்லவில்லை, அழவும் இல்லை. வேண்டுமென்று செய்யவில்லை, கை இறங்கவில்லை என்றாள். யார் கை என்று கேட்டார் மதர் கெயின்ஸ். என் மகள் கை என்றாள். அது போதகர் கை இல்லையே என்றார் அவர். பேண்டை விடுகிறவரை பலகையில் உட்கார வேண்டாம் என்று முடிவானது. ஊக்கிலிருந்து கழற்றிக் கொண்டுவந்திருந்த சாவியை வெர்டெல் மேஜையில் வைத்தாள். மதர் கெயின்ஸ் அதை எடுத்துக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டார்.

ஹோசியா அன்றைக்கு, வேணும்னா பேண்டை நிறுத்திடலாம் வெர்டி, லமார் வரட்டும் என்றான். பேசாமல் படு என்றாள். பிள்ளைகளோடு வேனில் போவதில் அவளுக்கு எவ்வளவு சந்தோஷம் என்று அவளுக்கே அந்த வாரம்தான் தெரிந்தது. பலகை இல்லாமல் எவ்வளவு கஷ்டம் என்றும் அதே வாரம் தெரிந்தது. இரண்டில் ஒன்றை விட்டுவிட்டு முழு மனுஷியாக நடமாட முடியும் என்று தோன்றவில்லை. அதனால் இரண்டையும் விடாமல் காத்திருப்பது என்று முடிவு செய்தாள். ஏப்ரனில் ஊக்கு மட்டும் இருந்தது. அதைக் கழற்றவில்லை.

புதிதாக ஒரு பையன் வந்தான், கல்லூரியில் சங்கீதம் படித்தவன். நல்ல பையன், சுத்தமான வாசிப்பு. என்ன, கண் எப்போதும் தாளில். போதகரின் தோள் ஏறும், ஆர்கன் பேசாது. அவர் ஒரு வரி சொல்லிவிட்டு நிற்பார், பதில் வராது, தொண்டையைச் செருமிக்கொண்டு அடுத்த வரிக்குப் போவார். நான்காவது வரிசையில் கையுறை போட்ட கைகளை மடியில் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்த வெர்டெலின் இடது கால் மட்டும் தானாகத் தரையைத் தட்டும். பக்கத்தில் ஹோசியா அதன்மேல் தன் பாதத்தை வைப்பான்.

ஒன்றரை மணிக்கு முடிய வேண்டிய ஆராதனை பன்னிரண்டே காலுக்கு முடிந்தது. அதில்தான் சபை ஆடிப்போனது. ஏனென்றால் அந்தச் சபைப் பெண்கள் அத்தனை பேரும் கோழியையும் இறைச்சியையும் ஓவனில் மெல்லிய சூட்டில் வைத்துவிட்டு, ஒன்றரைக்குச் சரியாக வெந்திருக்கும் என்று கணக்குப் போட்டுக் கோவிலுக்கு வருகிறவர்கள். இருபது வருடக் கணக்கு அது. இப்போது வீட்டுக்குப் போனால் கோழி எலும்போரம் சிவப்பாக நிற்கிறது, புருஷன் பிள்ளைகள் மேஜையில் கரண்டியைத் தட்டுகிறார்கள். ஆவி இறங்கவில்லை என்று போதகரிடம் நேராகச் சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை. கோழி வேகவில்லை என்று எல்லோரும் சொன்னார்கள்.

பிப்ரவரியில் போதகருக்கு ஊழிய ஆண்டுவிழா. இருபத்தைந்தாவது. கொலம்பஸிலிருந்து இன்னொரு சபையே பேருந்து பிடித்து வருகிறது. விழா ஞாயிறுக்கு முந்தின வியாழக்கிழமை போதகர் கிரட்ச்ஃபீல்ட் வெர்டெலின் சமையலறையில் வந்து உட்கார்ந்தார். பெரிய உடம்பு, நாற்காலி முனகியது. அவள் ஒன்றும் கேட்காமல் கீரையும் சோள ரொட்டியும் வைத்தாள். அவர் முழுத் தட்டையும் முடித்தார்.

"சிஸ்டர் பெட்டிஃபோர்ட்," என்றார் பிறகு, "பிரசங்கத்துல நான் சுவரைப் பார்த்துப் பேசுற மாதிரி இருக்கு."

"பேண்டை விடலை, பாஸ்டர். அதை முதல்லயே சொல்லிடறேன்."

"நான் கேக்கவே இல்லையே."

"மதர் கெயின்ஸ் கேப்பாங்க."

"இங்க வர்றேன்னு அவங்ககிட்ட சொன்னேன். 'போ'ன்னும் சொல்லல, 'போகாத'ன்னும் சொல்லல. என் கோழியும் வேகலன்னு மட்டும் சொன்னாங்க."

வெர்டெல் திரும்பிப் பாத்திரத்தைக் கழுவினாள். சிரிப்பு வந்ததை அவர் பார்க்க வேண்டாம் என்று. சனிக்கிழமை இண்டியானாபொலிஸில் வாசிக்க ஒப்புக்கொண்டிருக்கிறேன், இரண்டு மணி நேர வழிதான், ஞாயிறு பதினொன்றுக்கு வந்துவிடுவேன் என்றாள்.

வந்திருப்பாள், பனி கொட்டாமல் இருந்திருந்தால். நெடுஞ்சாலையை மூடிவிட்டார்கள். ரொட்டி வேனுக்குள் நால்வரும் போர்வையைச் சுற்றிக்கொண்டு ஆர்கனில் சாய்ந்து தூங்கி, காலையில் பாதை திறந்ததும் ஹோசியா ஓட்டிய ஓட்டத்தை இங்கே எழுதினால் போலீஸ் வரும். வீட்டுக்குப் போய் உடை மாற்ற நேரம் இல்லை. பதினொன்று இருபத்தைந்துக்கு ஊதா சாட்டினோடும் வெள்ளி பூட்ஸோடும் வெர்டெல் சபையின் முன்கூடத்தில் நின்றாள். பின்னால் அதே ஊதாவில் மற்ற மூன்று பேர்.

உள்ளே ஜெபம் நடந்துகொண்டிருந்தது. ஜெபம் முடிகிற வரை கதவு திறக்காது. வழிகாட்டி வெள்ளைக் கையுறையை அவள் முகத்துக்கு நேராகக் காட்டிவிட்டு, பூட்ஸைப் பார்த்ததும் பக்கவாசல் வழியாக உள்ளே ஓடினான். மதர் கெயின்ஸ் வெளியே வந்தார். தலையிலிருந்து கால்வரை பார்த்தார். பூட்ஸைக் கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார்.

"இது என்ன கோலம்?"

"ரோட்டுல பனி, மதர். வேன்லயே விடிஞ்சுது. நான் பேண்டை விடலை, விடப்போறதும் இல்ல. உள்ள போகச் சொன்னா போறேன். இல்லன்னா வீட்டுக்குப் போய்க் கால்ல வெந்நி ஊத்திக்கிறேன். மரத்துப் போச்சு."

மதர் கெயின்ஸ் பக்கத்து அறைக்குள் போய்ப் பாடகர் குழுவின் நீள வெள்ளை அங்கி ஒன்றை எடுத்து வந்து அவள் தலை வழியே மாட்டினார். கழுத்தில் பட்டன் போட்டார். தோளில் ஒட்டியிருந்த பனியைத் தட்டிவிட்டார். அங்கி முழங்காலுக்குக் கீழே வந்தது, அதற்குக் கீழே வெள்ளி மின்னியது.

"பெடல் மிதிக்கிறப்ப பூட்ஸ் தெரியும்" என்றாள் வெர்டெல்.

"நான் கண்ண மூடி ஜெபம் பண்ணிட்டு இருப்பேன். எனக்கு எப்படித் தெரியும்?"

கைப்பையைத் திறந்து சாவியைக் கொடுத்தார். உள்ளே ஆமென் சொன்னார்கள், கதவு திறந்தது. கல்லூரிப் பையன் அவளைப் பார்த்ததும், பள்ளி மணி அடித்த மாதிரி எழுந்து இடம் விட்டான்.

அன்றைக்குப் போதகரின் தோள் ஏறியது, ஆர்கன் பதில் சொன்னது. ஐந்தாறு மாதமாகத் தொண்டையில் நின்றதெல்லாம் அவருக்கு வெளியே வந்தது. கையைத் தூக்கினார். கொலம்பஸ்காரர்கள் முதலில் எழுந்தார்கள், நம்மவர்கள் விடுவார்களா? தாடியஸ் போய் டிரம்ஸில் உட்கார்ந்தான், டெல்ஃபின் ஊதாவோடு பாடகர் குழுவுக்குள் நுழைந்தாள், அங்கிக்கு யாரும் காத்திருக்கவில்லை. முன்வரிசையில் மதர் கெயின்ஸ் கண்ணை மூடியிருந்தார். ஒரு கண்ணைத்தான். இன்னொன்று பெடலில் இருந்தது.

இரண்டே கால் மணி வரை கை இறங்கவில்லை.

அன்று சாயங்காலம் டெலிஃபோன் அடித்தது. வெர்டெல் எடுத்தாள்.

"என் கோழி கரிக்கட்டை ஆயிடுச்சு" என்றார் மதர் கெயின்ஸ்.

"பாஸ்டரைக் கையை எறக்கச் சொல்லுங்க, மதர்."

"நீ கொஞ்சம் பெடலைக் குறைச்சிருக்கலாம்" என்றார். அப்புறம், அந்த பூட்ஸ் குளிருக்கு நல்லாயிருக்குமா என்று கேட்டார்.

அதற்குப் பிறகு பேண்ட் ஒன்பது வருடம் ஓடியது. லமார் ஜெர்மனியிலிருந்து திரும்பி வந்து பேஸை எடுத்துக்கொண்டான். கால் ஓய்ந்தது என்று வெர்டெல் சொன்னாள், ஆனாலும் அவன் அசந்த நேரம் பெடலை மிதித்துப் பார்ப்பாள். இன்னும் இரண்டு ரெக்கார்ட் வந்தது. இரண்டுமே மூன்று நிமிஷம், இரண்டுமே ஓடவில்லை. ஒஹையோவுக்கும் இண்டியானாவுக்கும் வெளியே அவர்களை யாருக்கும் தெரியாது. தெரிந்தவர்கள் நடனத்துக்கு வந்தார்கள், அது போதும் என்று இருந்தது. பாட்டு முடிய வேண்டுமானால் டெல்ஃபின் தூக்கிய கையை மரம் வெட்டுகிற மாதிரி கீழே போடுவாள். வேறெந்த பேண்டிலும் அப்படி ஒரு முடிவு கிடையாது.

எண்பத்தொன்றில் தாடியஸுக்குத் தபால் ஆபீஸில் வேலை கிடைத்தது. டெல்ஃபின் பள்ளியில் பாட்டு டீச்சர். சண்டை ஒன்றும் இல்லை, போதும் என்று எல்லோருக்கும் ஒரே சமயத்தில் தோன்றியது. தொழிற்சாலைப் பூங்காவில் ஒரு சனிக்கிழமை பிக்னிக், அதுதான் கடைசி. 'தட்டை நீட்டு' வாசித்தார்கள். பாட்டு தீர்ந்தது, டெல்ஃபின் கையைத் தூக்கியவள் இறக்கவில்லை. இந்த முறை காதில் ஹெட்ஃபோன் எதுவும் இல்லை. வெர்டெலுக்குப் புரிந்தது. வாசித்தாள். வெயில் மரத்துக்குப் பின்னால் போனது, பிள்ளைகள் ஆடி ஓய்ந்து புல்லில் விழுந்தார்கள், அவள் வாசித்துக்கொண்டே இருந்தாள். ஏப்ரனிலிருந்து அன்றைக்கு உடுப்புக்கு மாற்றியிருந்த ஊக்கில் சாவி ஆடியது.

கடைசியில் அவளே ஆர்கனுக்கு மேல் குனிந்து மகளிடம் கேட்டாள்.

"கை வலிக்கலையாடி?"

"வலிக்குதும்மா."

"அப்ப எறக்கு. நாளைக்கு ஞாயித்துக்கிழமை. போய்க் கோழியை ஊற வைக்கணும்."